யாரும் இறங்காத இடத்தில் ஒரு கேமரா

இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ்ஷையரில் ஷிப்பியா ஹில் என்றொரு ரயில் நிலையம் இருக்கிறது. சுற்றிலும் தட்டையான வயல்வெளி. 2015-16ஆம் ஆண்டுக் கணக்கில் அங்கே ஏறியவர்கள், இறங்கியவர்கள் எல்லாரையும் சேர்த்து 12 பேர். மாதத்துக்கு ஒருத்தர். பிரிட்டனிலேயே மிகக் குறைவாகப் பயன்பட்ட நிலையம் என்று செய்தி வந்தது. செய்தி வந்ததும் என்ன ஆச்சு தெரியுமா? 2016 கிறிஸ்துமஸ் சமயத்தில், தொலைக்காட்சி கேக் போட்டியில் கலந்துகொண்டு பெயர் வாங்கிய ஒருவர் பலகாரம் சுட்டு எடுத்துக்கொண்டு போய் அந்த நிலையத்தில் இறங்குபவர்களுக்குக் கொடுத்தார். பதினைந்து பதினாறு பேர் வந்து இறங்கினார்கள். ஒரு வருடக் கூட்டம் ஒரே காலையில் வந்துவிட்டது. அடுத்த ஆண்டுக் கணக்கில் ஷிப்பியா ஹில் 156 பேரோடு பட்டியலில் மேலே ஏறிவிட்டது. கடைசி இடம் வேறொரு நிலையத்துக்குப் போனது.

ஆள் இல்லாத ரயில் நிலையங்களுக்குப் போய் காணொளி எடுப்பவர்களின் உலகம் முழுக்க இந்த வேடிக்கைதான். ஆள் இல்லை என்பதைக் காட்டப் போகிறவரே அங்கே ஓர் ஆளாகிவிடுகிறார். நான்கு வருடமாக இந்த வகைக் காணொளிகளைத் தொடர்ந்து பார்க்கிறேன். இலக்கிய நண்பர்களிடம் சொன்னால் சிரிக்கிறார்கள். “பிளாட்பாரத்துல ஒருத்தன் நிக்கிறான், ரயில் வருது, ஏறிப் போறான். இதுல என்னப்பா இருக்கு?” என்று கேட்டவர் நல்ல சிறுகதைகள் எழுதுகிறவர். அவர் கதைகளிலும் ஏறத்தாழ அவ்வளவுதான் நடக்கும்.

இது ஒரு வடிவம். இதற்கென்று இலக்கணம் இருக்கிறது, மரபு இருக்கிறது, தேய்ந்துபோன உத்திகளும் இருக்கின்றன. விமர்சனம் செய்ய வேறென்ன வேண்டும்?

ஜெஃப் மார்ஷலிடமிருந்து தொடங்கலாம். லண்டன் சுரங்க ரயிலின் எல்லா நிலையங்களையும் மிகக் குறைந்த நேரத்தில் சுற்றிவந்து இரண்டு முறை கின்னஸ் சாதனை வைத்திருந்தவர். 2017 மே மாதம் இவரும் விக்கி பைப்பும் சேர்ந்து ஒரு பயணம் கிளம்பினார்கள். தென்மேற்கு முனையான பென்சான்ஸில் ஆரம்பித்து வடகோடியில் இருக்கும் விக்கில் முடிந்த அந்தப் பயணத்தில் பிரிட்டனின் 2,563 நிலையங்களையும் தொட்டுவிட்டார்கள். மூன்றரை மாதம். ரசிகர்களிடம் பணம் திரட்டிச் செய்த வேலை. ‘ஆல் த ஸ்டேஷன்ஸ்’ என்பது தொடரின் பெயர். அதற்குப் பிறகு மார்ஷல் தனியாக, ஒவ்வொரு கவுன்டியிலும் மிகக் குறைவாகப் பயன்படும் நிலையத்தைத் தேடிப் போகும் இன்னொரு தொடரை எடுத்தார். பரவலாகப் பேசப்படுவதும், உலகம் முழுக்கப் பலரும் நகல் எடுப்பதும் இந்த இரண்டாவது தொடரைத்தான்.

இரண்டாவது தொடரின் கட்டமைப்பு எளிமையானது. ரயிலிலிருந்து இறங்குவார். ரயில் போய்விடும். பெயர்ப்பலகை. எத்தனை பேர் பயன்படுத்தினார்கள் என்ற எண். கால அட்டவணை. மழைக்கு ஒதுங்கும் கொட்டகை. வெளியே போகும் சடக்கு எங்கே போகிறது என்று ஓர் எட்டு. திரும்பிப் போக வழி என்ன என்ற கவலை. கடைசியில் அடுத்த ரயில், அல்லது நடை. சாகசக் கதையின் அதே எலும்புக்கூடுதான். குகைக்குள் போகிறவன் எப்படி வெளியே வருவான் என்பதற்குப் பதிலாக, இந்த ஆளுக்கு அடுத்த ரயில் எத்தனை மணிக்கு என்பது. நம்ப மாட்டீர்கள், நிஜமாகவே பதைபதைப்பாக இருக்கும்.

ஆனால் கதையை நடத்துவது எண். பிரிட்டனில் ரயில் ஒழுங்குமுறை அலுவலகம் வருடா வருடம் ஒவ்வொரு நிலையத்துக்கும் பயன்பாட்டு மதிப்பீடு வெளியிடுகிறது. பெரும்பாலும் டிக்கெட் விற்பனையை வைத்துப் போடும் கணக்கு அது. பிளாட்பாரத்தில் ஒருவர் உட்கார்ந்து தலை எண்ணுவதில்லை. ஆகவே அந்த எண்ணுக்குப் பின்னால் எப்போதும் வேறொரு கதை இருக்கும். நோர்ஃபோக்கில் பெர்னி ஆர்ம்ஸ் என்றொரு நிலையம். சதுப்புநிலத்தின் நடுவில், கார் போக வழியே கிடையாது. கை காட்டினால்தான் ரயில் நிற்கும். 2019-20 கணக்கில் 42 பேரோடு அது கடைசி இடத்துக்கு வந்தது. படிக்கிறவர்கள் ஐயோ பாவம் என்றார்கள். உண்மையில் அந்த ஆண்டின் பெரும்பகுதி சிக்னல் மாற்றும் வேலைக்காக அந்தப் பாதையே மூடிக் கிடந்தது. ரயிலே ஓடாத இடத்தில் பயணி எங்கிருந்து வருவார்? டீஸைட் விமான நிலைய நிறுத்தம் இன்னும் மோசம். வாரத்துக்கு ஒரே ஒரு ரயில், ஞாயிற்றுக்கிழமை. 2022 மே மாதம் அதுவும் நின்றுபோனது. அடுத்த வருடக் கணக்கில் 2 பேர். விமானத்தைப் பிடிக்கப் போகிறவர் ஞாயிற்றுக்கிழமைக்காகக் காத்திருப்பாரா என்று யாரும் கேட்கவில்லை.

மார்ஷலின் நல்ல காணொளிகள் இந்த இடத்தில்தான் மற்றவர்களுடையதிலிருந்து பிரிகின்றன. ஆள் ஏன் இல்லை என்பதற்கு விடையை அவர் பாழடைந்த சுவரில் தேடுவதில்லை. நேரே கால அட்டவணைக்குப் போகிறார். மான்செஸ்டர் பக்கத்தில் டென்டன், ரெட்டிஷ் சவுத் என்று இரண்டு நிலையங்கள். சனிக்கிழமை காலை ஒரு ரயில் போகும், ஒரு ரயில் வரும். வாரம் முழுக்க அவ்வளவுதான். இத்தனைக்கும் இரண்டுமே வீடுகள் நெருங்கிக் கிடக்கும் நகர்ப்பகுதியில் இருக்கின்றன. ஆள் இல்லாமல் ரயில் குறைந்ததா, ரயிலைக் குறைத்ததால் ஆள் போனார்களா என்ற கேள்வி தானாகவே எழுகிறது. அங்கே உள்ளூர்க்காரர்கள் ‘நிலையத்தின் நண்பர்கள்’ என்று குழு வைத்துப் பூச்செடி நட்டுப் பராமரிக்கிறார்கள். வாரம் ஒரு முறை வரும் விருந்தாளிக்காக வாசல் தெளிக்கிற மாதிரி.

ஏன் மூடிவிடக் கூடாது? மூடுவது கஷ்டம். பிரிட்டனில் ஒரு நிலையத்தைச் சட்டப்படி மூட வேண்டுமானால் அறிவிப்பு, மக்கள் கருத்து, ஆய்வு என்று நீண்ட நடைமுறை உண்டு. 1963இல் பீச்சிங் என்பவரின் அறிக்கை 2,363 நிலையங்களை மூடச் சொன்னது. அதில் பெரும்பாலானவை மூடப்பட்டன, ஊர் ஊராகக் கோபம் கிளம்பியது, அந்தக் கோபம் இன்னும் ஆறவில்லை. அதனால் மூடுவதைவிட வாரத்துக்கு ஒரு ரயிலை ஓட்டிக் கணக்குக் காட்டுவது மலிவு. இப்படிப் பேருக்கு ஓடுவதை ‘பார்லிமென்ட் ரயில்’ என்கிறார்கள். இந்தப் பெயரின் வரலாறு எனக்கு மிகவும் பிடிக்கும். 1844இல் வந்த சட்டம் ஒன்று ரயில் கம்பெனிகளைக் கட்டாயப்படுத்தியது: நாளுக்கு ஒரு ரயிலாவது மூன்றாம் வகுப்பு ஏழைகளுக்காக, எல்லா நிலையத்திலும் நின்று, மைலுக்கு ஒரு பென்னி கட்டணத்தில், கூரை போட்ட பெட்டியோடு, மணிக்கு 12 மைல் வேகத்துக்குக் குறையாமல் ஓட வேண்டும். அதுவரை ஏழைகள் பலர் திறந்த பெட்டியில் மழையில் நனைந்துகொண்டு போனார்கள். கூலிக்காரன் பயணம் செய்யட்டும் என்று உருவான ஒரு சொல், யாருமே ஏறக் கூடாது என்ற எண்ணத்தோடு ஓட்டப்படும் ரயிலுக்குப் பெயராகிவிட்டது. ஒரு சொல் எப்படித் தன் வயிற்றையே தின்னும் என்பதற்கு இதைவிட உதாரணம் கிடைக்காது.

மார்ஷலிடம் எனக்குக் குறையும் உண்டு. அவருடைய சுறுசுறுப்பு. பட் பட்டென்று வெட்டு, ஜோக், அடுத்த ஊர். நிலையம் என்பது ஒரு டிக் அடிக்க வேண்டிய கட்டமாகிவிடும் அபாயம் அவர் தொடரில் எப்போதும் இருக்கிறது. பார்க்கும் நாமும் அப்படித்தான் ஆகிவிடுகிறோம். சேகரிப்பவனின் மனம் அது. தபால்தலை சேர்க்கிறவனுக்குக் கடிதத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பது முக்கியமில்லை.

அதனால்தான் ‘ஆல் த ஸ்டேஷன்ஸ்’ தொடரையே இரண்டில் மேலானதாக நினைக்கிறேன். இது பெரும்பான்மைக் கருத்து இல்லை என்று தெரியும். அதில் எல்லா நிலையமும் உண்டு, கூட்டம் நெரியும் நிலையமும் உண்டு. விக்கி பைப் லண்டன் போக்குவரத்து அருங்காட்சியகத்தில் வேலை பார்த்தவர். மனிதர்களிடம் பேசப் பிடிக்கும் ஆள். கண்டக்டர், தோட்டம் போடும் தன்னார்வலர், எதிர் இருக்கையில் உட்கார்ந்திருக்கும் பாட்டி என்று அவர் பேச்சுக் கொடுத்துக்கொண்டே போகிறார். பெரிய நிலையத்தைப் பார்த்துவிட்டு அடுத்து ஓர் ஒற்றைப் பிளாட்பாரத்துக்கு வரும்போது அந்த வெறுமைக்கு எடை கூடுகிறது. வெறுமையை மட்டும் தேடித் தேடி அடுக்கினால் பத்தாவது காணொளியில் அது அலங்காரமாகிவிடும்.

அலங்காரமாகிவிட்ட வெறுமைக்கு ஜப்பானைத்தான் சொல்ல வேண்டும். 1990களின் கடைசியில் உஷியாமா தகானொபு என்பவர் ஆள் அண்டாத நிலையங்களுக்கு ‘ஹிக்யோ எகி’ என்று பெயர் வைத்துப் பட்டியல் போட ஆரம்பித்தார். மறைவுலக நிலையம் என்று சொல்லிக்கொள்ளலாம். எவ்வளவு தனிமை, சூழல் எப்படி, ரயிலில் போய்ச் சேர்வது எவ்வளவு சிரமம், வேறு வழியில் போவது எவ்வளவு சிரமம், ரயில் மரபுச் சின்னம் ஏதும் உண்டா என்றெல்லாம் பார்த்து மதிப்பெண் போடுகிறார். தனிமைக்கு மார்க்! பட்டியல் பிரபலமானது. 2010லிருந்து இய்தா என்ற மலைப்பாதையில் இந்த மறைவுலக நிலையங்களைச் சுற்றிக் காட்டவே ஒரு சிறப்பு ரயில் விடுகிறார்கள். சுற்றுலாப் பயணிகள் ரயில் நிறைய ஏறி, ஒவ்வொரு தனிமையான நிலையத்திலும் மொத்தமாக இறங்கி, தனிமையைப் படம் எடுத்துக்கொண்டு, மொத்தமாக ஏறிப் போகிறார்கள்.

கிண்டல் செய்வது சுலபம். ஆனால் அந்தப் பட்டியலில் முதலிடம் பிடித்த கொபொரோ நிலையத்தின் கதை என்னைத் தயங்க வைக்கிறது. ஹொக்கைடோவில், இரண்டு சுரங்கங்களுக்கு நடுவே, சடக்கே இல்லாத ஒரு கடலோரப் பிளவில் இருக்கும் நிலையம். 2015இல் ரயில் நிறுவனம் மூடப்போவதாகச் சொன்னது. தொயோஉரா என்ற சிற்றூர் நிர்வாகம், பராமரிப்புச் செலவை நாங்களே ஏற்கிறோம், மூடாதீர்கள் என்றது. காரணம், அதைப் பார்க்க வருகிறவர்கள். யாருக்கும் பயன்படாத நிலையம் என்ற புகழே அதற்குப் பயனாகிவிட்டது. கேமரா ஒரு நிலையத்தைக் காப்பாற்றியிருக்கிறது என்று இதைச் சொல்லலாம். எதைக் காப்பாற்றியது என்று கேட்டால், பிளாட்பாரத்தை.

இன்னொரு ஹொக்கைடோ நிலையத்தின் கதை உங்கள் வாட்ஸ்அப்புக்கும் வந்திருக்கும். ஒரே ஒரு பள்ளி மாணவிக்காக, அவள் படிப்பு முடியும்வரை ஜப்பான் ஒரு ரயில் நிலையத்தைத் திறந்து வைத்திருந்தது என்று 2016 ஜனவரியில் உலகம் முழுக்கப் பரவியது. என் குடும்பக் குழுவில் மூன்று சித்தப்பாக்கள் தனித்தனியாக அனுப்பினார்கள். அதில் நிலையத்தின் பெயரே தப்பு. அவள் ஏறியது கியூ-ஷிராதாகி, பரவிய செய்தியில் இருந்தது பக்கத்திலிருந்த கமி-ஷிராதாகி. பயணிகள் இல்லாததால் இரண்டோடு மூன்றாவதாக ஒன்றையும் சேர்த்து அந்த மார்ச் மாதப் புதிய கால அட்டவணையில் மூடினார்கள். பள்ளி ஆண்டு முடிவதும் ஜப்பானில் மார்ச்தான். இரண்டையும் ஒட்டவைத்து ஒரு கருணைக் கதை தயார். ஒரு மலைப்பகுதியிலிருந்து இளையவர்கள் எல்லாரும் வெளியேறிவிட்டார்கள் என்ற கசப்பான செய்தியை, ரயில் கம்பெனியின் அன்பாக மாற்றி நாம் கண்கலங்கிவிட்டோம்.

இந்தக் கண்கலங்கல்தான் நம்மூர்க் காணொளிகளின் நோயும். மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் பழைய நிலையங்களைப் படமெடுக்கும் இளைஞர்கள் இப்போது நிறையப் பேர். எல்லாவற்றையும் விடாமல் பார்க்கிறேன், அதனால் உரிமையோடு சொல்கிறேன். டிரோன் மேலே ஏறும். தண்டவாளத்தில் முளைத்த புல்லின்மேல் கவனம் கூர்மையாகி மங்கும். மெதுவான பியானோ. “ஒரு காலத்தில்…” என்று ஒரு குரல். இல்லையென்றால் இருட்டில் டார்ச் அடித்துக்கொண்டு பேய் தேடுவார்கள். இரண்டு வகையிலும் அட்டவணை இல்லை, எண் இல்லை, பாதை ஏன் மாறியது என்ற பேச்சு இல்லை. மேற்குக் கரையில் இரட்டை மின்பாதை போட்டபோது எத்தனையோ மரக் கட்டட நிலையங்கள் போய், ஒரே அச்சில் வார்த்த கான்கிரீட் நிலையங்கள் வந்தன. அதைப் பற்றிச் சொல்ல அரை நிமிடம் போதும். சொல்ல மாட்டார்கள். துக்கத்துக்குக் காரணம் தெரிந்தால் துக்கத்தின் அழகு கெட்டுவிடும் போலிருக்கிறது. இந்த விஷயத்தில், எண்ணைக் கையில் பிடித்துக்கொண்டு கிறுக்குத்தனமாக ஓடும் மார்ஷல் நம் கவிஞர்களைவிட நேர்மையானவர்.

2011 ஜூன் 30 இரவு சிங்கப்பூரில் நடந்ததை எடுத்துக்கொள்ளுங்கள். 1932இல் திறந்த தஞ்சோங் பகார் நிலையத்திலிருந்து கடைசி ரயில் கிளம்பியது, ஜோகூர் சுல்தான் தானே ஓட்டிக்கொண்டு போனார். அதற்கு முந்தைய வாரங்களில் தண்டவாளம் நெடுக கேமராக் கூட்டம். புக்கிட் தீமா நிலையத்தில் எடுத்த காட்சிகள் இன்றும் இணையத்தில் கிடைக்கும். அவற்றில் பெரும்பாலும் ஒரே விஷயம்தான் இருக்கும்: நிலைய ஊழியர் ஒருவர் வளையத்தில் மாட்டிய டோக்கனைத் தூக்கிப் பிடிக்க, ஓட்டுநர் ஓடும் ரயிலிலிருந்து அதை வாங்கிக்கொண்டு தன்னிடம் இருப்பதைக் கொடுப்பார். ஒற்றைத் தண்டவாளத்தில் ஒரே நேரத்தில் இரண்டு ரயில் நுழையாமல் இருப்பதற்கான ஏற்பாடு அது. டோக்கன் கையில் இல்லாமல் ரயில் நகராது. நம் பக்கத்தில் எடுக்கப்பட்ட ரயில் காட்சிகளிலேயே எனக்கு மிகப் பிடித்தவை இவைதாம். காரணம் எளிது. அவற்றில் ஒருவர் வேலை செய்துகொண்டிருக்கிறார்.

அந்த நிலையத்தை இப்போது 24 கிலோமீட்டர் பசுமை நடைபாதையின் ஒரு பகுதியாகப் புதுப்பித்து வைத்திருக்கிறார்கள். அழகாகத்தான் இருக்கிறது. அங்கே ரயில் ஊழியர்கள் குடியிருந்த குவாட்டர்ஸ் காபிக்கடை ஆகிவிட்டது. நானும் அங்கே உட்கார்ந்து பசியாறியிருக்கிறேன். மேசைக்கு மேசை போட்டோ. இந்த அறையில் எத்தனை பேர் படுத்திருப்பார்கள் என்று யோசிக்காமல் இருக்க முடியவில்லை, என் தாத்தாவின் தொழில் அப்படி.

தாத்தா மலாயா ரயில்வேயில் தண்டவாளக் கேங்கில் இருந்தார். மண்டோர் முன்னால் நடக்க, கேங் ஆட்கள் தங்களுக்கு விதிக்கப்பட்ட தூரத்தைத் தினமும் நடந்தே பார்ப்பார்கள். தளர்ந்த ஆணியை அடித்து இறுக்குவது, சிலிப்பர் கட்டைக்கு அடியில் சரளைக்கல்லைக் குத்தி நிரப்புவது, புல் வெட்டுவது, மழைக்குப் பின் மண் சரிந்திருக்கிறதா என்று பார்ப்பது. கேங் ஆட்களில் தமிழர்கள் ஏராளம், நிலைய மாஸ்டர், கிராணி வேலைகளில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள். இரண்டு தமிழுக்கும் நடுவே ஒரு பிளாட்பாரத்தின் உயரம் இருந்தது என்பார் பாட்டி. பாட்டி இருந்த நிலையத்தில் நாளுக்கு இரண்டு ரயில்தான் நின்றது. இறங்குகிறவர் மூன்று பேர், நான்கு பேர். இன்றைய கணக்குப்படி அது கடைசி இடத்துக்குப் போட்டி போடும் நிலையம். ஆனால் அங்கே குவாட்டர்ஸில் எட்டுக் குடும்பம், பத்துப் பதினைந்து பிள்ளைகள், ஒரு முனியாண்டி கோயில், கோழிகள், துணிக்கொடி. அங்கே பிறந்தவர்களும் உண்டு, இறந்தவர்களும் உண்டு. அவர்களில் யாரும் டிக்கெட் வாங்கவில்லை.

மார்ஷலாகட்டும், உஷியாமாவாகட்டும், இந்த முழு வகைமைக்கும் இருக்கும் குருட்டுப் புள்ளி இதுதான் என்று நினைக்கிறேன். ‘பயன்பாடு’ என்றால் பயணி. ஏறி இறங்குகிறவன் மட்டுமே எண்ணப்படுவான். நிலையத்தையே வீடாகவும் வேலையாகவும் வைத்திருந்தவன் கணக்கிலேயே வரமாட்டான். அவன் எப்போது போனான் என்பதும் அதனால் எங்கும் பதிவாகாது. இங்கிலாந்தின் காணொளிகளில் அடைத்துக் கிடக்கும் நிலைய மாஸ்டர் வீட்டைக் காட்டுவார்கள், யாரோ வாங்கிக் குடியிருக்கிறார்கள் என்பார்கள், ‘ஆஹா எவ்வளவு அழகான வீடு’ என்று நகர்ந்துவிடுவார்கள். அவர்களுக்கு அது போதும். நமக்குப் போதாது.

போதாது என்று சொல்ல எனக்கு இலக்கியத்திலிருந்தும் காரணம் இருக்கிறது. மலேசியத் தமிழில் ரயில் என்றால் முதலில் நினைவுக்கு வருவது பயணம் இல்லை. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ என்று நாவல்களே அந்தப் பெயர்களைத் தாங்கி நிற்கின்றன. 1942-43இல் ஜப்பானியர் சயாமிலிருந்து பர்மாவுக்குப் போட்ட 415 கிலோமீட்டர் பாதைக்குத் தோட்டங்களிலிருந்து அள்ளிக்கொண்டு போகப்பட்ட தமிழர்கள் ஆயிரக்கணக்கில் அங்கேயே செத்தார்கள். அதற்குத் தண்டவாளம் எங்கிருந்து வந்தது? கிழக்குக் கரைப் பாதையில் பெரும்பகுதியைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். கெமாஸ் தொடங்கி தும்பாட் வரைக்கும் போட்டு 1931இல்தான் முடித்த பாதை அது. பத்தே வருடத்தில் பிடுங்கப்பட்டது. போருக்குப் பிறகு மறுபடி போட்டு முழுதாக ஓட்டுவதற்கு 1950கள் ஆகிவிட்டது.

இன்று அந்தப் பாதைக்கு ‘காட்டு ரயில்’ என்று சுற்றுலாப் பெயர். டாபோங், கெமுபு என்று சின்னச் சின்ன நிலையங்கள் காணொளிகளில் அடிக்கடி வரும். பனிமூட்டம், சுண்ணாம்புக் குன்று, ரயிலுக்குக் காத்திருக்கும் மக்சிக், 2014 வெள்ளத்தில் கெமுபு பாலம் அடித்துக்கொண்டு போன கதை. எல்லாம் நன்றாகவே எடுக்கிறார்கள். ஆனால் இந்தப் பாதை ஒருமுறை பெயர்த்தெடுக்கப்பட்டது என்று சொல்லும் ஒரு காணொளியைக்கூட நான் இன்னும் பார்க்கவில்லை. ஆள் இல்லாத நிலையம் என்ன, ஒரு காலத்தில் அங்கே தண்டவாளமே இல்லை. எடுத்துப்போன இரும்பு எங்கே போனது என்று கேட்டால் கதை காட்டைவிட்டு வெளியே வந்துவிடும்.

கோலா செபெத்தாங்குக்கு நண்பர்களோடு மீன் சாப்பிடப் போனால் அந்தப் பெயர்ப்பலகையைப் பார்த்திருப்பீர்கள். போர்ட் வெல்ட். 1885 ஜூன் மாதம் தைப்பிங்கிலிருந்து இங்கே வந்ததுதான் மலாயாவின் முதல் ரயில்பாதை, சுமார் 13 கிலோமீட்டர், ஈயத்தைக் கப்பலில் ஏற்ற. அதைப் போடுவதற்கு இலங்கையிலிருந்து பயனியர் படையினரைக் கொண்டுவந்தார்கள். இப்போது தண்டவாளம் இல்லை, நிலையமும் இல்லை. பலகை மட்டும் கடைகளுக்கு நடுவே நிற்கிறது. ஆங்கிலம், ஜாவி, சீனம், தமிழ் என்று நான்கு எழுத்தில்.

இந்தப் பலகையைப் பற்றிய காணொளிகள் ஏராளம். சராசரியாக ஐந்து வினாடி காட்டுவார்கள். மலேசியாவின் முதல் ரயில் என்பார்கள், பிறகு இறால் மீ. ஒரு நிலையப் பலகையில் ஒரு மொழி ஏறுவதற்கு, அதைப் படிக்கிறவன் அங்கே இருந்திருக்க வேண்டும். அந்த நான்காவது வரி பயணிக்காக எழுதப்பட்டதா, பாதை போட்டவனுக்கா, மூட்டை தூக்கியவனுக்கா? இதைக் கேட்பதற்கு டிரோன் வேண்டாம், பியானோ வேண்டாம். பலகைக்கு முன்னால் நின்று அந்த வரியை வாய்விட்டுப் படித்தாலே போதும். மார்ஷல் எந்த நிலையத்தில் இறங்கினாலும் பெயரை வாய்விட்டுத்தான் சொல்கிறார். வெல்ஷ் மொழிப் பெயர் வந்தால் திணறித் திணறிச் சொல்கிறார்.

நம் பையன்களில் ஒருவர் கெமாஸில் ஏறி தும்பாட் வரைக்கும் ஒரு நிலையம் விடாமல் இறங்கிப் பார்க்கப் போவதாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். நல்ல கை, நல்ல கண். பணம் வேண்டும், ரயில் நேரம் ஒத்துவர வேண்டும். சில நிலையங்களில் இறங்கினால் அடுத்த ரயிலுக்கு மறுநாள்வரை காத்திருக்க வேண்டிவரும். அந்த ராத்திரியில் என்ன எடுப்பது என்று என்னிடம் கேட்டார். பின்பக்கம் குவாட்டர்ஸ் இருந்த இடத்தில் அடித்தளச் சிமெண்டு இன்னும் தெரியும், அதை அளந்து எடுங்க தம்பி என்றேன். ஓர் அறை எத்தனை அடிக்கு எத்தனை அடி என்று.